புணர்ச்சியும் தொடரமைப்பும்: வல்லெழுத்து மிகுதல் பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

1. முன்னுரை

இடுக்கி மாவட்டத்தில் மூணாற்றை அடுத்துள்ள சின்னக்கானல், தமிழும் மலையாளமும் அன்றாடம் எதிர்ப்படும் மலையூர்களுள் ஒன்று. தேயிலை, ஏலத் தோட்டங்களில் வேலை செய்யச் சென்ற தமிழ்க் குடும்பங்கள் இப்பகுதியில் தலைமுறைகளாக வாழ்ந்து வருகின்றன. 1956இல் மாநிலங்கள் மொழிவழி அமைக்கப்பட்டபோது தேவிகுளம், பீர்மேடு பகுதிகள் கேரளத்தில் அமைந்தன. 1972இல் இடுக்கி தனி மாவட்டமாயிற்று.

இவ்வூர்ப் பெயரின் நடுவில் நிற்கும் ககர ஒற்றே இக்கட்டுரைக்குத் தோற்றுவாய். ‘சின்ன கடை’, ‘சின்ன தோட்டம்’ எனப் பெயரடையும் பெயருமாகத் தொடரும்போது வல்லெழுத்து மிகுவதில்லை. ஊர்ப்பெயரிலோ ‘சின்னக்’ என்று மிகுந்துள்ளது. மலையாளத்திலும் இப்பெயர் ககரம் இரட்டித்தே எழுதப்படுகிறது. கொல்லம் நகரின் சின்னக்கடையும் அவ்வாறே. சின்னசேலம், பெரியகுளம் என்னும் பெயர்களோ தொடரின் ஒலியையே காத்து நிற்கின்றன. ஒரே வகைச் சொற்கள் ஓரிடத்தில் ஒரு சொல்லாக இறுகியும், மற்றோரிடத்தில் தொடரின் இயல்பு மாறாமலும் நிற்பதை ஒலி காட்டிக்கொடுக்கிறது. ஒலியமைப்புக்கும் தொடரமைப்புக்கும் உள்ள இவ்வுறவைத் தமிழ் இலக்கண மரபு எவ்வாறு கண்டது என்பதையும், இன்றைய மொழியியலுக்கு அது தரும் படிப்பினையையும் இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

2. இலக்கண நூல்கள் கண்ட உறவு

தொல்காப்பிய எழுத்ததிகாரத்தின் ஒன்பது இயல்களுள் புணரியல் தொடங்கிக் குற்றியலுகரப் புணரியல் ஈறாக ஆறு இயல்கள் புணர்ச்சியைப் பற்றியவை. எழுத்தை விளக்கும் அதிகாரத்தில் மூன்றில் இரண்டு பங்கு இயல்கள் சொல்லும் சொல்லும் சேரும் இடத்திற்கு ஒதுக்கப்பட்டிருப்பது நோக்கற்பாலது. அதனினும் சிறப்பானது, தொல்காப்பியர் அவ்விடத்தைப் பகுக்கும் முறை. நிலைமொழியின் ஈற்றெழுத்து ஒவ்வொன்றையும் எடுத்துக்கொண்டு, அது அல்வழியில் எவ்வாறு புணரும், வேற்றுமைப் பொருளில் எவ்வாறு புணரும் என இருமுறை ஆராய்கிறார். எழுத்துகள் ஒன்றாக இருந்தும் சொற்களுக்கிடையேயுள்ள உறவு வேறானால் ஒலி விளைவும் வேறாகும் என்பதே இப்பகுப்பின் அடிப்படை.

‘மரம்’ என்னும் சொல்லைக் காண்போம். ‘மரம் குறிது’ என்னும் எழுவாய்த் தொடரில் மகரம் வருமொழி முதலெழுத்துக்கு இனமாகத் திரிந்து ‘மரங்குறிது’ என்றாகிறது. ‘மரத்தினது கிளை’ என்னும் வேற்றுமைப் பொருளில் மகரம் கெட்டு வல்லெழுத்து மிக்கு ‘மரக்கிளை’ என்றாகிறது. மகரமும் ககரமும் இரண்டிடத்தும் அடுத்தடுத்தே நிற்கின்றன. வேறுபாட்டைத் தருவது தொடரமைப்பு ஒன்றேயாம்.

வடமொழி மரபோடு ஒப்பிடும்போது இதன் தனித்தன்மை விளங்கும். அங்குப் புறச்சந்தி பெரும்பாலும் ஒலிகளின் அண்மையைப் பொறுத்தது; தொகைக்குள் கட்டாயம், வாக்கியத்தில் சொல்வோன் விருப்பம் என்ற வேறுபாடு உண்டேனும், எழுவாய் உறவா வேற்றுமை உறவா என்பதைப் பொறுத்து விதி மாறுவதில்லை.

13ஆம் நூற்றாண்டில் நன்னூல் இயற்றிய பவணந்தியார், இப்பகுப்பை வரையறைக்குள்ளேயே கொண்டுவந்தார். வேற்றுமை, அல்வழி என்னும் பொருளுறவு அவர் புணர்ச்சிக்குத் தரும் இலக்கணத்தில் இடம்பெறுகிறது. அல்வழியை அவர் தொகைநிலை ஐந்தும் தொகாநிலை ஒன்பதுமாகப் பதினான்காக விரித்தார். எழுவாய், விளி, பெயரெச்சம், வினையெச்சம், முற்று, இடை, உரி, அடுக்கு என்னும் அப்பட்டியல் முழுவதும் தொடரியல் கலைச்சொற்களால் ஆனது. ஓர் எழுத்து மிகுமா என்று அறிய மாணாக்கன் முதலில் தொடரைப் பகுக்க வேண்டியவனானான்.

3. தேயிலைத் தோட்டத்திலிருந்து சில சான்றுகள்

இவ்வுறவை ஒரே சொல்லைக் கொண்டு காணலாம்.

(அ) தேயிலைக் கொழுந்து, தேயிலைத் தோட்டம்
(ஆ) தேயிலை கருகியது
(இ) தேயிலை கிள்ளினர்
(ஈ) தேயிலையைக் கிள்ளினர்
(உ) கிள்ளிய கொழுந்து
(ஊ) கிள்ளிப் போட்டனர்

(அ) தொகை, மிகுந்தது. (ஆ) எழுவாய்த் தொடர், மிகவில்லை. (இ) உருபு தொக்க செயப்படுபொருள், மிகவில்லை. (ஈ) உருபு விரிந்தது, மிகுந்தது. (உ) பெயரெச்சம், மிகவில்லை. (ஊ) இகர ஈற்று வினையெச்சம், மிகுந்தது.

பள்ளிகளில் இவை ‘வல்லினம் மிகும் இடங்கள்’, ‘மிகா இடங்கள்’ என இரு பட்டியல்களாக மனப்பாடம் செய்யப்படுகின்றன. பட்டியலுக்குள் ஓர் ஒழுங்கு உண்டா என்னும் வினா எழுப்பப்படுவது அரிது. 1980களில் வளர்ந்த ஒலியனியல் கோட்பாடுகள் அவ்வினாவை எழுப்ப உதவுகின்றன.

4. இக்காலக் கோட்பாடுகளும் மலையாளச் சான்றும்

சாம்ஸ்கியும் ஹாலேயும் 1968இல் வெளியிட்ட ஆங்கில ஒலியமைப்பு நூலில், தொடரியல் தரும் அமைப்பை ஒலி விதிகள் பின்னர்ப் பெற்று இயங்குகின்றன என்னும் கருத்து வடிவம் பெற்றது. செல்கிர்க் 1984இலும், நெஸ்போர், வோகெல் ஆகியோர் 1986இலும் எழுதிய நூல்கள் இதனை மேலும் செப்பமாக்கின. அவர்தம் கருத்துப்படி ஒலி விதிகள் தொடரமைப்பை நேராகக் காண்பதில்லை. தொடரமைப்பிலிருந்து உருவாகும் ஒலிச்சொல், ஒலித்தொடர் போன்ற இடைநிலை அலகுகளையே காண்கின்றன.

மலையாளத்தை ஆராய்ந்த கே.பி. மோகனன், 1982ஆம் ஆண்டு ஆய்வேட்டிலும் 1986இல் வெளிவந்த நூலிலும் வேறொரு வழியில் சென்றார். அம்மொழித் தொகைகளை அடைமொழித் தொகை, இணைத்தொகை என இரண்டாக்கி, வருமொழி முதல் வல்லெழுத்து முன்னதில் மட்டும் இரட்டிக்கும் எனக் காட்டினார். ‘கைத்தறி’, ‘கைக்கூலி’ என்பவற்றில் இரட்டிப்பு உண்டு. ‘கைகால்’ என்பதில் இல்லை. இச்சொற்கள் தமிழுக்கும் பொதுவானவை. தமிழ் மரபில் இது உம்மைத்தொகையில் மிகாது என்னும் பழைய விதியே. மலையாள மரபிலும் ஏ.ஆர். இராசராசவர்மா தம் கேரளபாணினீயத்தில், அடை முன்வரும் தொகையில் இரட்டிக்கும் என வரையறுத்திருந்தார். அமெரிக்கப் பல்கலைக்கழகமொன்றில் கோட்பாட்டுச் சான்றாக விளங்கியது, நம் இலக்கணங்கள் நெடுங்காலமாகப் பயிற்றிவந்த உண்மையாகும்.

5. இரு அடுக்குகள்

மேற்காட்டிய ஆறு சான்றுகளையும் ‘நெருக்கம்’ என்ற ஒன்றால் மட்டும் விளக்க இயலுமா? இயலாது என்பதே இக்கட்டுரையின் கருத்து. எழுவாயைக் காட்டிலும் செயப்படுபொருள் வினையோடு நெருங்கியது. எனினும் ‘தேயிலை கருகியது’, ‘தேயிலை கிள்ளினர்’ இரண்டிலும் ஒற்று மிகவில்லை. மறுபுறம், ‘தேயிலையைக் காலையில் கிள்ளினர்’ என்னும் தொடரில் ‘தேயிலையை’, ‘காலையில்’ என்பவற்றுக்கிடையே நேரான உறவு ஏதுமில்லை; இரண்டும் தனித்தனியே வினையைத் தழுவுகின்றன. ஆயினும் ஒற்று மிகுகிறது. இவ்வாறு உறவின்றி அடுத்து நிற்பவற்றை உரையாசிரியர்கள் தழாத்தொடர் என வழங்கினர். இடையே நிறுத்தம் விட்டால் மட்டுமே இங்கு மிகுதல் நீங்கும்.

எனவே வல்லெழுத்து மிகுதலில் இரு அடுக்குகளைப் பிரித்தறிதல் வேண்டும். முதலாவது, தொகை அடுக்கு. இங்குச் சொற்களுக்கிடையேயுள்ள உறவே ஒலியை ஆள்கிறது. இரண்டாவது, தொடர் அடுக்கு. இங்கு ஐ, கு என்னும் உருபுகளும் குறிப்பிட்ட எச்ச ஈறுகளும் மிகுதலைத் தூண்டுகின்றன. நிறுத்தமின்மை அதற்கு இடம் தருகிறது. உறவு நேரானதா என்பது இங்குப் பொருட்டன்று. மோகனனின் விளக்கம் முதல் அடுக்கிற்கும், இடைநிலை ஒலியலகுகள் பற்றிய விளக்கம் இரண்டாம் அடுக்கிற்கும் பொருந்துகின்றன.

இப்பகுப்புக்கு மலையாளம் வரலாற்றுச் சான்று தருகிறது. இன்றைய மலையாள உரைநடையில் செயப்படுபொருள் உருபின்பின் வல்லெழுத்தை இரட்டிக்காமல் எழுதுவதே பெருவழக்கு. தொகைகளிலோ இரட்டிப்பு உறுதியாக நிலைத்துள்ளது. ஓர் அடுக்கு தளர்ந்தும் மற்றொன்று தளராமலும் இருத்தல், அவை இரண்டும் ஒரே விதியின் கூறுகள் அல்ல என்பதைக் காட்டுகிறது. சின்னக்கானல் போன்ற ஊர்களில் இரு மொழிகளையும் கற்கும் சிறுவர், தொகையில் ஒரே ஒழுங்கையும் தொடரில் இருவேறு ஒழுங்குகளையும் எதிர்கொள்கின்றனர்.

6. ஒற்றின் இன்றைய நிலை

ஓலைச்சுவடியில் சொற்கள் இடைவெளியின்றி எழுதப்பட்டன. மிகுந்த ஒற்று இரு சொற்களுக்கும் நடுவில் இயல்பாக நின்றது. அச்சு நூல்களில் சொற்கள் பிரிக்கப்பட்டபோது அது நிலைமொழியின் வாலாகத் தனித்து நின்றது. வருமொழியிலிருந்து பிரிந்ததால் அது பொருளற்ற எச்சம்போல் தோன்றலாயிற்று. ஒற்றுகளை விட்டெழுதினால் கேடில்லை என்னும் எண்ணத்திற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

‘கீரை கடை’ என்றால் ஒரு கட்டளை. ‘கீரைக்கடை’ என்றால் ஓர் இடம். ‘வேலை கொடு’ என்றால் பணியைக் கேட்பது. ‘வேலைக் கொடு’ என்றால் வேலாயுதத்தைக் கேட்பது. பேச்சில் இவ்வேறுபாடு காதுக்குத் தெளிவாகக் கேட்கிறது. எழுத்தில் அதனைக் காப்பது அவ்வொற்று ஒன்றே. கணினியில் ஒற்றுப்பிழை திருத்தும் மென்பொருள் அமைப்போர் சந்திக்கும் இடரும் இதுவே. எழுத்துகளை மட்டும் கொண்டு அங்கு முடிவு காண இயலாது. எது பெயர், எது வினை, எது உருபு எனத் தொடரைப் பகுத்த பின்னரே ஒற்றை இடவும் நீக்கவும் கூடும்.

7. முடிவுரை

ஒலியும் தொடரும் தனித்தனித் துறைகள் எனக் கொண்டு, பின்னர் அவற்றை இணைக்க வழிதேடியது இக்கால மொழியியல். தமிழ் மரபு இரண்டும் சந்திக்கும் இடத்திலேயே எழுத்திலக்கணத்தின் பெரும்பகுதியை அமைத்தது. ஆயினும் தொகை அடுக்கையும் தொடர் அடுக்கையும் அது வேற்றுமை, அல்வழி என்னும் தலைப்புகளின் கீழ்க் கலந்தே வைத்தது. அவற்றைப் பிரித்துக் காட்டுவது இன்றைய ஆய்வாளர் பணியாகும். பள்ளிப் பாடநூல்களும் மிகும், மிகா இடங்களின் பட்டியலுக்கு முன், இரு சொற்களும் ஒரு சொல்லாய் இறுகியனவா, தொடராய் நிற்கின்றனவா என்னும் வினாவை மாணாக்கர்முன் வைத்தல் நன்று. அவ்வினாவிற்கு விடை தேடும் மாணாக்கர், ஒற்றைக் கற்கும்போதே வாக்கியத்தின் அமைப்பையும் கற்றவராவர்.