பூநாகம் பூவில் இல்லை

தாழம்பூவை முகர்ந்தவரின் மூக்கில் பூநாகம் ஏறிவிட்டது, காலிஃபிளவருக்குள் பூநாகம் சுருண்டிருந்தது என்றெல்லாம் கைப்பேசிக்குக் கைப்பேசி செய்தி தாவுகிறது. பூவில் வாழும் நாகம் என்று அதற்குச் சொல்விளக்கமும் தருகிறார்கள். இந்தப் பூ மலர் அன்று. பூகம்பத்திலும் பூகோளத்திலும் நிற்கும் பூ, நிலம். வடமொழியில் பூநாகம் என்றால் மண்புழு. சித்த மருத்துவ நூல்களும் அதே பொருளில்தான் ஆள்கின்றன. அகராதியைப் புரட்டாதவர்கள் பெற்றெடுத்த பாம்பு இது.

மண்புழுவுக்கு நாகப் பட்டம் எதற்கு? ஊத்துக்கோட்டையில் நின்று பார்த்தால் விளங்கும். ஆரணியாற்றங்கரையில் தமிழகம் முடிகிற ஊர் அது. எல்லை தாண்டினால் சுருட்டப்பள்ளி, ஆந்திரம். தெலுங்கில் மண்புழுவின் பெயர் வானபாமு, அதாவது மழைப்பாம்பு. வடமொழியும் தெலுங்கும் ஒரே உருவத்தைக் கண்டு தனித்தனியே பாம்பு என்றிருக்கின்றன. வடமொழியிலேயே வேறு கண்ணும் உண்டு: அமரகோசம் தரும் மகீலதை என்ற பெயருக்கு மண்கொடி என்று பொருள்.

மழை விட்டதும் இந்தச் சமவெளியில் மேலே வரும் லாம்பிட்டோ மாரிட்டி போன்ற புழுக்கள் சாணுக்கு மேல் போவதில்லை. சென்னைப் புதுக்கல்லூரியில் பணியாற்றிய சுல்தான் இஸ்மாயில் உரத்துக்கு ஏற்றவை உள்ளூர்ப் புழுக்களே என்று வலியுறுத்தியபோது முன்னிறுத்தியவற்றுள் லாம்பிட்டோ மாரிட்டியும் ஒன்று. இதைப் பார்த்து நாகம் என்றால் மிகைதான்.

மேற்குத் தொடர்ச்சி மலைக்குப் போனால் மிகை குறையும். சென்னை மாநிலக் கல்லூரிப் பேராசிரியராக இருந்த ஆல்ஃபிரட் கிப்ஸ் போர்ன், நீலகிரியின் பெரும்புழு ஒன்றை மோனிலிகாஸ்டர் கிராண்டிஸ் என்ற பெயரில் 1894இல் விரிவாக எழுதினார். அந்தப் புழு இன்று திராவிடா என்ற பேரினத்தில் இருக்கிறது. 1900இல் மிக்கேல்சன் என்ற ஜெர்மானியர் இட்ட பெயர் அது. தென்னாட்டின் பெயரையே புழுவுக்குச் சூட்டிவிட்டார். அதே பேரினத்து நிலம்பூர்ப் புழு ஒரு மீட்டரை எட்டும். இலங்கையின் நீலப் பெரும்புழுவை 1844இல் டெம்பிள்டன் என்ற ராணுவ மருத்துவர் பதிவு செய்தார்.

ஆஸ்திரேலியாவின் பாஸ் ஆற்றுப் பள்ளத்தாக்கில் வாழும் கிப்ஸ்லாந்துப் புழு சராசரியாக ஒரு மீட்டர் இருக்கும். ஈரக் களிமண்ணுக்குள் அது நகரும்போது களகளவென்று எழும் ஒலி தரைக்கு மேலேயே கேட்கும். தென்னாப்பிரிக்காவில் 1967இல் கிடைத்த ஒன்று 6.7 மீட்டர் என்று பதிவாகியிருக்கிறது. இவற்றைப் பாம்பு என்றவர்களைக் குற்றம் சொல்ல முடியாது.

தெலுங்கில் மண்புழுவுக்கு எர்ர என்றும் ஒரு பெயர் உண்டு. எர்ர என்றால் சிவப்பு, ஆகவே செம்புழு என்பார் உளர். பொருந்தாது. கன்னடத்தில் இதன் பெயர் எரெஹுளு. அங்கே சிவப்புக்குச் சொல் கெம்பு. தூண்டில் இரையைக் குறிக்கும் தெலுங்கு எர, தமிழ் இரை ஆகியவற்றோடு சேர்த்துப் பார்ப்பதே தக்கது. ஆற்றங்கரைக்காரர்கள் மண்புழுவைத் தேடுவது தூண்டில் முள்ளில் கோக்கத்தானே.

இனி நாங்கூழ். தமிழின் சொந்தப் பெயர் இதுவே. டார்வின் மண்புழு நூலை வெளியிட்டது 1881இல். பத்தாண்டு கழித்து வந்த மனோன்மணீய நாடகத்தில் நாங்கூழ்ப் புழுவின் ஓயாத உழைப்பை நடராசன் என்ற பாத்திரத்தின் வாயால் வியக்க வைத்தார் சுந்தரம் பிள்ளை. இந்தச் சொல்லை நா, கூழ் என்று பிரித்து, நாக்கைப்போல் நெளியும் குழைந்த உடல் என்பது ஒரு சாரார் கூற்று. நாக்குப்பூச்சி என்ற வழக்கைத் துணைக்கு அழைப்பார்கள். நாகமே நாங்கூழ் ஆயிற்று என்பது மறு சாரார் கூற்று. இரண்டும் ஒரே இடத்தில் இடறுகின்றன.

மலையாளத்தில் இந்தப் புழு ஞாஞ்ஞூல். கிரகண வேளையில் ஞாஞ்ஞூலும் தலை தூக்கும் என்ற பொருளில் அங்கே பழமொழியே உண்டு. தமிழில் ஞண்டு நண்டானது, ஞாண் நாண் ஆனது. மலையாளம் இன்றும் ஞண்டு என்கிறது. நாக்கையும் நாகத்தையும் மலையாளி நகரத்தோடுதான் சொல்கிறான். நாங்கூழ் இவற்றிலிருந்து பிறந்திருந்தால் இந்த ஒரு சொல்லில் மட்டும் ஞகரம் எங்கிருந்து வரும்? யான் அங்கே ஞான் ஆனதே என்று மறுப்பவர்களுக்கு விடை எளிது: அது யகரத்தின் கதை, நகரத்தின் கதை அன்று.

ஆகவே ஞாங்கூழ் என்பதே மூத்த வடிவமாக இருக்கலாம். நாக்குப்பூச்சி, ஞகரம் நகரமாகி நா என்ற ஓசை காதில் விழுந்த பிறகு மக்கள் கட்டிய பெயராகலாம். வடமொழி நாகத்துக்கும் நாங்கூழுக்கும் ஒட்டோ உறவோ இருப்பதாகத் தெரியவில்லை.