தன் வேடத்தைத் தானே எழுதியவர்கள்

கனடிய நகைச்சுவைக் கலைஞர் யூஜின் லீவியைப் பற்றி எழுதுகிறவர்கள் அவரை நடிகராகத் தொடங்கிப் பின்னாளில் திரைக்கதை எழுதப் போனவர் என்றே காட்டுகிறார்கள். டொராண்டோவின் வரலாறு இதற்கு இடம் கொடுக்கவில்லை. 1970களில் அங்கே குணச்சித்திர நடிகராகப் பிழைக்க வேண்டுமென்றால் தன் வேடத்தைத் தானே எழுதிக்கொண்டாக வேண்டும். ஹாலிவுட்டும் நியூயார்க்கும் அதே ஆங்கிலத்தில் எடுத்த படங்களும் தொடர்களும் எல்லை தாண்டி வந்து குவிந்தன. அந்த வெள்ளத்தின் ஓரத்தில் உள்ளூர் நடிகருக்காக உட்கார்ந்து எழுத யார் இருந்தார்கள்?

ஹாமில்டனில் 1946இல் பிறந்த லீவி, 1972இல் டொராண்டோ மேடையேறிய 'காட்ஸ்பெல்' இசை நாடகத்தில் நடித்தார். பிறகு 'செகண்ட் சிட்டி' நகைச்சுவைக் குழுவில் சேர்ந்தார். அந்தக் குழு 1976இல் குளோபல் தொலைக்காட்சியில் 'எஸ்.சி.டிவி'யைத் தொடங்கியபோது கையில் பணம் குறைவு, அரங்கில் பார்வையாளர்கள் இல்லை. நடித்த ஏழு பேருமே எழுத்தாளர்கள். மெலன்வில் என்றொரு கற்பனை ஊரின் தொலைக்காட்சி நிலையம் என்று வைத்துக்கொண்டு, செய்தி முதல் விளம்பரம் வரை அவர்களே எழுதி நிரப்பினார்கள். லீவியின் ஏர்ல் கேமம்பெர்ட் அதில் செய்தி வாசிப்பவர். பக்கத்து நாற்காலிக்காரருக்கு உலகச் செய்திகள் கிடைக்கும். ஏர்லுக்கு ஒன்றுக்கும் உதவாத துணுக்குகள். அவற்றையும் அவர் அதே கம்பீரத்தோடு வாசிப்பார். ஓரத்தில் நிற்கிறவனின் மனம் அறிந்தவர்தான் இப்படியொரு பாத்திரத்தை எழுத முடியும்.

இதைவிடத் தெளிவான சான்று ஒன்று உண்டு. 1980இல் நிகழ்ச்சி கனடாவின் பொது ஒளிபரப்பு நிறுவனமான சி.பி.சி.க்குப் போனபோது, அங்கே விளம்பரம் குறைவு என்பதால் இரண்டு நிமிடம் கூடுதலாகத் தேவைப்பட்டது. அதில் கனடியத்தன்மை இருக்க வேண்டும் என்று நிலையம் கேட்டது. நிகழ்ச்சியின் நடிகர்களான ரிக் மொரானிஸும் டேவ் தாமஸும் கம்பளித் தொப்பியும் பீருமாக உட்கார்ந்து, பாப், டக் என்ற இரு சகோதரர்களாக வாய்க்கு வந்ததைப் பேசினார்கள். இடத்தை நிரப்ப வந்த அந்தத் துண்டு நாட்டையே பிடித்துக்கொண்டது. 1983இல் அதே இருவர் எழுத்திலும் இயக்கத்திலும் பங்கேற்று நடித்த 'ஸ்ட்ரேஞ்ச் ப்ரூ' என்ற முழுநீளப் படம் அதிலிருந்துதான் பிறந்தது.

தன் வேடத்தைத் தானே எழுதும் இந்தப் பயிற்சி சிகாகோவின் சரக்குத்தானே என்று கேட்கலாம். 'செகண்ட் சிட்டி' 1959இல் அங்கே தோன்றியது உண்மைதான். ஆனால் பயிற்சி எங்கிருந்து வந்தது என்பது வேறு, அதை எது கட்டாயமாக்கியது என்பது வேறு. இலங்கைத் தமிழ்க் கலை உலகத்தைப் பாருங்கள். கரவெட்டியில் பிறந்து 2014இல் டொராண்டோவில் மறைந்த கே. எஸ். பாலச்சந்திரனுக்கு சிகாகோவோடு ஒரு தொடர்பும் இல்லை. பேருந்து நடத்துநராகத் தனியே நின்று பேசிய 'அண்ணை றைற்' அவரே எழுதி நடித்தது. 'வாடைக்காற்று' படத்தில் நடித்தவர், வானொலி நாடகங்கள் எழுதினார், பிற்பாடு 'கரையைத் தேடும் கட்டுமரங்கள்' என்ற நாவலும் தந்தார். கனடாவுக்கு ஹாலிவுட் எப்படியோ, ஈழத்துக்குச் சென்னை அப்படி. யாழ்ப்பாணத்துப் பேச்சில் ஒரு நடத்துநரைக் கோடம்பாக்கம் எழுதித் தந்திருக்குமா?

இன்னொரு ஆட்சேபம் வலுவானது. லீவி, கிறிஸ்டோபர் கெஸ்ட்டோடு சேர்ந்து எழுதிய 'வெயிட்டிங் ஃபார் கஃப்மன்' (1996), 'பெஸ்ட் இன் ஷோ' (2000) படங்களின் பிரதியில் வசனமே இல்லை. நடிகர்கள் கேமரா முன்னால்தான் பேச்சை உருவாக்கினார்கள். இது எழுத்தா? நம் படங்களின் டைட்டிலிலேயே கதை, திரைக்கதை, வசனம் மூன்றும் தனித்தனியாக வருகின்றன. காட்சிகளின் வரிசையையும் ஒவ்வொருவரின் பூர்வகதையையும் லீவி வகுத்துக் கொடுத்தார். 'பெஸ்ட் இன் ஷோ'வில், இரண்டுமே இடது பாதமாகப் பிறந்த ஒரு கணவன். போகுமிடமெல்லாம் மனைவியின் பழைய காதலர்கள் எதிரே வருகிறார்கள். இந்த அளவு தீர்மானமாகிவிட்டால் நல்ல நடிகர் பேச்சுக்குத் தடுமாற மாட்டார். நடிகருக்கு எது தேவை, எது தேவையில்லை என்று தெரிந்து எழுதிய திரைக்கதை அது.

விருதுப் பட்டியலும் இதையே சொல்கிறது. லீவிக்கு முதலில் கிடைத்த இரண்டு எம்மி விருதுகள், 1982இலும் 1983இலும், 'எஸ்.சி.டிவி'யின் எழுத்துக்கானவை. நடிப்புக்கான எம்மி, மகனோடு சேர்ந்து உருவாக்கிய 'ஷிட்ஸ் க்ரீக்' தொடருக்காக 2020இல்தான் வந்தது.