நானாவதி வழக்கு: யாரும் கணக்கில் எடுக்காத மூன்று மணி நேரம்

1959 ஏப்ரல் 27, பம்பாய். கப்பலிலிருந்து வீடு திரும்பியிருந்த கடற்படை கமாண்டர் கவாஸ் நானாவதியிடம் மனைவி சில்வியா முகம் கொடுத்துப் பேசவில்லை. துருவிக் கேட்டதும், நண்பர் பிரேம் அஹுஜாவுடன் தனக்கிருந்த உறவைச் சொல்லிவிட்டார். அன்று மாலை அஹுஜா சுட்டுக் கொல்லப்பட்டார். நானாவதி போலீசில் சரணடைந்தார்.

முதல்முறை இதைப் படிச்சப்போ என் அனுதாபமும் நானாவதி பக்கம்தான். எந்தப் புருஷனுக்குத்தான் ரத்தம் கொதிக்காதுன்னு தோணுச்சு. பிறகு உச்ச நீதிமன்றத் தீர்ப்பைப் படித்தேன்.

விஷயம் தெரிந்ததும் அவர் அஹுஜா வீட்டுக்கு ஓடவில்லை. சில்வியாவையும் பிள்ளைகளையும் மெட்ரோ தியேட்டரில் இறக்கிவிட்டார். கப்பலுக்குப் போய், பொய்க் காரணம் சொல்லி ரிவால்வரும் ஆறு தோட்டாக்களும் வாங்கினார். அஹுஜாவின் அலுவலகத்தில் தேடினார். அங்கே ஆள் இல்லை. அப்புறம்தான் வீட்டுக்குப் போனார். இடையில் ஏறக்குறைய மூன்று மணி நேரம்!

கைகலப்பில் துப்பாக்கி தானாக வெடித்தது என்றார் நானாவதி. ஆனால் குளித்துவிட்டு வந்திருந்த அஹுஜாவின் இடுப்பில் துண்டு அவிழாமல் அப்படியே இருந்தது. மல்லுக்கட்டியிருந்தால் துண்டு நிற்குமா?

ஜூரிகள் 8-க்கு 1 என்று 'குற்றவாளி இல்லை' என்றார்கள். நீதிபதி அதை ஏற்காமல் உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பினார். 1960 மார்ச் 11-ல் ஆயுள் தண்டனை. அன்றைக்கே ஆளுநர் ஸ்ரீபிரகாசா (அதற்கு முன் நம்ம சென்னையில் ஆளுநராக இருந்தவர்தான்) தண்டனையை நிறுத்தி வைத்தார். 1961-ல் உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்தது. அதன் பிறகும் விஜயலட்சுமி பண்டிட் ஆளுநராக இருந்தபோது மன்னிப்பு கிடைத்தது. குடும்பத்தோடு கனடா போய்விட்டார்.

இந்த நேரம் முழுக்க 'பிளிட்ஸ்' பத்திரிகை அவரை நாயகனாக்கி எழுதியது. வெள்ளைச் சீருடை, பதக்கங்கள், நேர்மையான அதிகாரி, துரோகம் செய்த நண்பன் என்று சினிமாவுக்கான அத்தனையும் இருந்தது. சட்டம் கேட்டது ஒரே கேள்விதான்: ஆத்திரம் தணியப் போதுமான நேரம் இருந்ததா? ஊர் அந்தக் கேள்வியைக் கேட்கவே இல்லை. செத்தவனுக்கும் ஒரு தங்கச்சியோ அக்காவோ இருப்பாள் என்பதும் தோன்றவில்லை. மேமி அஹுஜா என்ற அந்தச் சகோதரி வழக்கில் அண்ணன் தம்பி பாசத்தோடு போராடினார்.

இப்பவும் செய்தித்தாளில் "ஆத்திரத்தில் வெட்டினார்"னு படிக்கும்போது நான் முதலில் தேடுவது, இடையில் எத்தனை மணி நேரம் இருந்தது என்பதைத்தான்.