புலப்படாத காயம்
1914-ஆம் ஆண்டு மூண்ட மகாயுத்தத்தில், பிரான்ஸ் தேசத்துப் பதுங்குகுழிகளிலே இரவும் பகலும் பீரங்கி முழக்கத்தைச் சகித்துக் கிடந்த பிரிட்டிஷ் சிப்பாய்களுள் பலர், தேகத்தில் ஒரு கீறலும் இல்லாதிருந்தும், கைகால் நடுங்கி, பேச்சிழந்து, பார்வை மங்கி ஆஸ்பத்திரிகளுக்குக் கொண்டுவரப்பட்டனர். இந்நிலையை மருத்துவர் சார்லஸ் மையர்ஸ் 1915-இல் ‘லான்செட்’ பத்திரிகையில் குண்டதிர்ச்சி என்று விவரித்தார். எடின்பரோவை அடுத்த கிரெய்க்லாக்கார்ட் ஆஸ்பத்திரியிலே டாக்டர் ரிவர்ஸ், பயங்கர நினைவுகளை அடக்கி மறைக்காமல் மனம்விட்டுச் சொல்லச் செய்து, இராணுவ அதிகாரிகளுக்குச் சிகிச்சை அளித்தார். சாதாரணச் சிப்பாய்க்கோ அத்தகைய காருண்யம் எளிதில் கிட்டவில்லை. படையை விட்டு ஓடுதல், கோழைத்தனம் முதலிய குற்றங்களுக்காகப் பிரிட்டிஷ் இராணுவத்தாலேயே சுட்டுக் கொல்லப்பட்ட 306 பேருள் சித்தம் சிதைந்தவர்களும் இருந்தனர். அந்த 306 பேருக்கும் மன்னிப்பு 2006-இல்தான் வந்தது. மனிதனை யுத்தத்துக்கு அனுப்பும் ராஜ்யம், அவன் தேகத்துக்கு மட்டுமன்றி மனத்துக்கும் கடன்பட்டதாகும்.