வீட்டுக் கடன்: கையெழுத்திடும் முன் போட்டுப் பார்க்க வேண்டிய கணக்கு

உயர்தர வகுப்பில் பல ஆண்டுகளாகக் கணக்கியல் கற்பித்து வருகின்றேன். கூட்டு வட்டியைக் கரும்பலகையில் எத்தனை தடவை எழுதி அழித்திருப்பேன் என்று எனக்கே தெரியாது. ஆனால் என் சொந்த வீட்டுக்காகக் கடன் எடுத்தபோது, "மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?" என்ற ஒரே கேள்வியைத்தான் வங்கியில் கேட்டேன். முகாமையாளர் ஒரு தொகையைச் சொன்னார். அது என் சம்பளத்துக்குள் அடங்கியது. காட்டிய இடங்களிலெல்லாம் கையெழுத்து வைத்துவிட்டு வந்தேன்.

அது 2021 ஜனவரி. 40 இலட்சம் ரூபாய், 20 வருடம், வட்டி 10 சதவீதம், மாதத் தவணை 38,601 ரூபாய். மிதக்கும் வட்டி வீதம் என்று ஒப்பந்தத்தில் எழுதியிருந்தது. அப்போது வட்டி வீதங்கள் வரலாறு காணாத அளவுக்குக் குறைந்திருந்த காலம். குறைந்தது ஒருநாள் ஏறும் என்ற எண்ணமே எனக்கு வரவில்லை.

2022 செப்டம்பரில் வங்கியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. வட்டி 24 சதவீதமாகத் திருத்தப்பட்டிருந்தது. ஒப்பந்தப்படி பார்த்தால் அது இன்னும் மேலே போயிருக்க வேண்டும், 24 இல் நிறுத்தியதே சலுகை என்றார்கள். 20 மாதங்கள் ஒழுங்காகக் கட்டியும் மீதி 38 இலட்சத்து 86 ஆயிரம் அப்படியே நின்றது. அதற்கு மாத வட்டி மட்டும் 77,700 ரூபாய். புதிய தவணை 78,700 ரூபாய். பழைய தவணையின் இரண்டு மடங்கு!

கெஞ்சிக் கேட்டதில் 55,000 கட்டச் சம்மதித்தார்கள். விடுபட்ட வட்டி தனிக் கணக்கில் ஏறியது. பத்து மாதங்களில் அது இரண்டே கால் இலட்சத்தைத் தாண்டியது. மனைவியின் காப்பு இரண்டும் அந்தக் கணக்கை அடைக்கத்தான் போயின. வட்டி ஏறியபோது தானாக வந்த கடிதம், 2023 இன் பிற்பகுதியில் வட்டி இறங்கியபோது வரவில்லை. நான் போய்க் கேட்டு, எழுதிக் கொடுத்த பிறகே குறைத்தார்கள்.

நான் பட்டது போதும். இன்று வட்டி மீண்டும் குறைந்திருக்கின்றது. கடன் விளம்பரங்களும் மீண்டும் வந்துவிட்டன. வீடு கட்டும் ஆசையோடு இருக்கும் தம்பிமாருக்காகவும் தங்கச்சிமாருக்காகவும் இந்தக் கணக்கை எழுதுகின்றேன்.

50 இலட்சத்தின் உண்மையான விலை

கணக்கு இலகுவாக இருப்பதற்காக 50 இலட்சம் ரூபாய் கடனை எடுத்துக்கொள்வோம். வட்டி ஆண்டுக்கு 12 சதவீதம், அதாவது மாதத்துக்கு 1 சதவீதம். காலம் 20 வருடம். மாதத் தவணை 55,054 ரூபாய் வரும்.

240 மாதங்களில் நீங்கள் கட்டி முடிக்கும் தொகை 1 கோடியே 32 இலட்சம். இதில் வட்டி மட்டும் 82 இலட்சம். ஒரு வீட்டுக்குக் கடன் எடுத்து, இரண்டரை வீட்டுக்கும் கூடுதலான பணத்தைக் கட்டுகின்றோம்.

இந்தப் பணம் எந்த ஒழுங்கில் போகின்றது என்பது இதைவிட முக்கியமானது. முதல் மாதம் 50 இலட்சத்துக்கு வட்டி 50,000 ரூபாய். நீங்கள் கட்டும் 55,054 இல் முதலில் குறைவது வெறும் 5,054 ரூபாய்தான். மாதாமாதம் முதல் கொஞ்சம் குறையக் குறைய வட்டியும் கொஞ்சம் குறையும். ஆனால் அந்த மாற்றம் மிக மெதுவாக நடக்கும்.

ஐந்து வருட முடிவில் நீங்கள் கட்டியிருப்பது 33 இலட்சம். கடனில் குறைந்திருப்பது 4 இலட்சத்து 13 ஆயிரம் மட்டுமே. பத்து வருட முடிவில் கட்டியது 66 இலட்சம், மீதிக் கடன் இன்னும் 38 இலட்சத்து 37 ஆயிரம். முதலில் பாதி அடைபட 15 வருடம் ஆகும்.

"பத்து வருடம் கட்டிவிட்டேன், பாதி முடிந்திருக்கும்" என்று நினைத்து வீட்டை விற்கப் போகின்றவர்கள் திகைத்து நிற்பது இதனால்தான். வங்கி ஏமாற்றவில்லை. குறைந்து செல்லும் மீதியில் வட்டி கணக்கிடும் முறையே அப்படித்தான். அதை முன்கூட்டியே அறியாதது நமது குறை.

காலம் நீண்டால் தவணை குறையும், விலை ஏறும்

அதே 50 இலட்சம், அதே 12 சதவீதம். காலத்தை மட்டும் மாற்றிப் பாருங்கள்.

10 வருடம்: மாதத் தவணை 71,735 ரூபாய், மொத்த வட்டி 36 இலட்சம்.
15 வருடம்: மாதத் தவணை 60,008 ரூபாய், மொத்த வட்டி 58 இலட்சம்.
20 வருடம்: மாதத் தவணை 55,054 ரூபாய், மொத்த வட்டி 82 இலட்சம்.
25 வருடம்: மாதத் தவணை 52,661 ரூபாய், மொத்த வட்டி 108 இலட்சம்.

20 வருடத்தை 25 ஆக நீட்டினால் மாதம் 2,400 ரூபாய்கூட மிஞ்சாது. அதற்குக் கொடுக்கும் விலை ஏறக்குறைய 26 இலட்சம். மறுபக்கம், மாதம் 5,000 ரூபாய் கூடுதலாகக் கட்டி 15 வருடத்தில் முடித்தால் 24 இலட்சம் மிஞ்சும்.

நம்மில் பலர் மாதத் தவணையைப் பார்த்தே கடனைத் தெரிவு செய்கின்றோம். தவணை குறைந்ததைக் காட்டினால் மகிழ்ந்து போகின்றோம். வங்கியின் மேசையில் கேட்க வேண்டிய முதற் கேள்வி, "முடிவில் மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்பேன்?" என்பதாகும். மாதவாரியான மீளச் செலுத்தல் அட்டவணையைக் கேட்டு வாங்கி வீட்டுக்குக் கொண்டுபோய்ப் படியுங்கள்.

மிதக்கும் வட்டி என்றால் என்ன?

இலங்கையில் பெரும்பாலான மிதக்கும் வீட்டுக் கடன்கள், மத்திய வங்கி வாராந்தம் வெளியிடும் நிறையேற்றப்பட்ட சராசரி முதன்மைக் கடன் வீதத்தோடு பிணைக்கப்படுகின்றன. அதற்கு மேல் 2, 3, 4 சதவீதம் என்று வங்கி தன் பங்கைச் சேர்க்கும். 2020 இன் இறுதியில் அந்த வீதம் 6 சதவீதத்துக்கும் கீழே இருந்தது. 2022 ஏப்ரலில் மத்திய வங்கி கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் உயர்த்தியது. அந்த வருட இறுதியில் முதன்மைக் கடன் வீதம் 27 சதவீதத்தைத் தாண்டியது. இரண்டு வருடத்துக்குள் நான்கு மடங்குக்கும் மேல்!

பணவீக்கம் கடனைக் கரைத்துவிடும் என்று சிலர் சொல்வார்கள். சம்பளம் விலைவாசியோடு சேர்ந்து ஏறினால் அது உண்மை. 2022 செப்டம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி பணவீக்கம் 69.8 சதவீதம். அந்த வருடம் யாருடைய சம்பளம் 69 சதவீதம் ஏறியது? அரிசியும் பெற்றோலும் ஏறின, தவணையும் ஏறியது, சம்பளம் நின்ற இடத்தில் நின்றது.

ஆகவே கையெழுத்திடும் முன் மூன்று விடயங்களை ஒப்பந்தத்தில் தேடுங்கள். வட்டி எத்தனை மாதத்துக்கு ஒருமுறை திருத்தப்படும்? ஏறுவதற்கு உச்ச எல்லை உண்டா? இறங்கும்போது தானாகக் குறையுமா, அல்லது நாம் விண்ணப்பிக்க வேண்டுமா? முதல் சில வருடங்களுக்கு நிலையான வீதம் என்றால், அதன் பிறகு என்ன என்பதையும் கேளுங்கள். வட்டி இரண்டு மடங்கானால் தவணை எவ்வளவு வரும் என்று இன்றே கணக்குப் போட்டு, அதைச் சில மாதங்களாவது தாங்க முடியுமா என்று குடும்பத்தோடு பேசிப் பாருங்கள்.

இன்னொரு பொறியும் உண்டு. வீட்டுத் திருத்த வேலைக்கு என்று சில இடங்களில் தட்டை வீதத்தில் கடன் கொடுப்பார்கள். 5 இலட்சம், 5 வருடம், 12 சதவீதம் தட்டை என்றால் வட்டி 3 இலட்சம், மாதம் 13,333 ரூபாய். கேட்பதற்கு 12 தான். ஆனால் முதல் மாதாமாதம் குறைந்துகொண்டு போகும்போது வட்டி மட்டும் முழு 5 இலட்சத்துக்கும் அறவிடப்படுகின்றது. குறைந்து செல்லும் மீதி முறையில் பார்த்தால் அது 20 சதவீதத்துக்கும் மேல்.

தவணைக்கு வெளியே இருக்கும் செலவுகள்

கடன் கைக்கு வருமுன்னரே காசு போகத் தொடங்கிவிடும். மதிப்பீட்டாளரின் கட்டணம், காணிப் பதிவகத்தில் உரித்துத் தேடும் செலவு, நொத்தாரிசின் கட்டணம், ஈட்டு முறியைப் பதியும் செலவு, வங்கியின் ஆவணக் கட்டணம் என்று பட்டியல் நீளும். காணியையோ வீட்டையோ விலைக்கு வாங்குவதென்றால் உறுதிக்கு முத்திரை வரி வேறு. முதல் ஒரு இலட்சத்துக்கு 3 சதவீதம், மிகுதிக்கு 4 சதவீதம். 80 இலட்சம் பெறுமதியான சொத்துக்கு அது மட்டும் 3 இலட்சத்து 19 ஆயிரம் ரூபாய்.

பின்னர் காப்புறுதி. கடனாளி இறந்தால் மீதிக் கடனை அடைக்கும் ஆயுள் காப்பு ஒன்று, வீட்டுக்குத் தீ மற்றும் அனர்த்தக் காப்பு ஒன்று. ஆயுள் காப்பின் கட்டுப்பணத்தைச் சில இடங்களில் கடனோடு சேர்த்துவிடுவார்கள். அப்படியானால் அதற்கும் 20 வருடம் வட்டி கட்டுகின்றீர்கள். ஆனாலும் இந்தக் காப்பை வேண்டாம் என்று சொல்லிவிடாதீர்கள். உழைப்பவர் போன பிறகு விதவையும் பிள்ளைகளும் கடனோடு நிற்பதைவிட அது மேல்.

கைக்காசுக்காக நகையை அடகு வைப்பவர்களும் உண்டு. அந்த அடகின் வட்டியும் வீட்டின் விலையில்தான் சேரும். குடிபுகுந்த பின் சோலைவரியும் பராமரிப்புச் செலவும் தொடரும்.

கிழக்கில் மகளுக்கு வீடு கொடுத்துத் திருமணம் முடித்துவைக்கும் வழக்கம் இன்னும் பலமாக இருக்கின்றது. ஐம்பது வயது கடந்த வாப்பாமார் இதற்காகக் கடனுக்குப் போகின்றார்கள். ஓய்வு பெறும் வயதுக்குள் முடிக்க வேண்டும் என்பதால் காலம் சுருங்கி, தவணை பெருகும். முடியாதபோது மகனைக் கூட்டுக் கடனாளியாகச் சேர்ப்பார்கள். தங்கச்சியின் வீட்டுக்காகக் கையெழுத்திட்ட அந்த இளைஞன், தனக்கென்று ஒரு கடன் கேட்டுப் போகும்போது கடன் தகவல் பணியகத்தின் அறிக்கையில் அவன் பெயரில் முழுக் கடனும் நிற்கும். இதையும் ஒரு செலவாகவே நான் கணக்கிடுகின்றேன்.

கட்ட முடியாமல் போனால்?

1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்க, வங்கிகளால் கடன்களை அறவிடல் சட்டத்தின் கீழ், ஈடு வைத்த சொத்தை வங்கிகள் நீதிமன்றம் போகாமலே ஏலத்தில் விற்க முடியும். பராட்டே என்று பரவலாகப் பேசப்படுவது இதுதான். பொருளாதார நெருக்கடியின் பின்னர் 2024 இல் இந்த அதிகாரம் தற்காலிகமாக இடைநிறுத்தப்பட்டது. அது கால அவகாசமே தவிர, கடன் தள்ளுபடி அல்ல. சிக்கல் வருமென்று தெரிந்தால், தவணை தவறும் முன்னரே வங்கிக்கு எழுத்து மூலம் அறிவியுங்கள். மூன்று மாதம் ஒளிந்திருந்துவிட்டுப் போனால் பேரம் பேசும் பலம் நம்மிடம் இருக்காது.

வட்டியில்லா முறையிலும் கணக்கு வேண்டும்

வட்டியைத் தவிர்க்க விரும்புவோருக்கு, 2005 இல் வங்கிச் சட்டம் திருத்தப்பட்ட பின்னர் வழி திறந்தது. வீட்டுக்குப் பெரும்பாலும் பயன்படுவது குறைந்து செல்லும் முஷாரகா. வங்கியும் நீங்களும் கூட்டாக வாங்கி, வங்கியின் பங்குக்கு வாடகை செலுத்தி, அந்தப் பங்கைச் சிறிது சிறிதாக நீங்கள் வாங்கிக்கொள்ளும் முறை அது. ஒப்பந்தத்தின் தன்மை வேறு. ஆனால் வாடகை சந்தை வீதத்தோடு சேர்ந்து மாறக்கூடும் என்பதால், மேலே சொன்ன கேள்விகள் அனைத்தும் இங்கும் பொருந்தும். மொத்தம் எவ்வளவு, வாடகை எப்போது திருத்தப்படும், தாமதக் கட்டணம் எங்கே போகின்றது, இடையில் முழுப் பங்கையும் வாங்கினால் விலை எப்படித் தீர்மானிக்கப்படும் என்று கேட்பது சந்தேகம் ஆகாது, அது நமது உரிமை.

விலையைக் குறைக்கும் வழி

ஆரம்ப வருடங்களில் கட்டும் மேலதிகப் பணத்துக்குத்தான் பலம் அதிகம். நமது 50 இலட்சம் உதாரணத்தில், முதல் வருட முடிவில் ஒரே தடவையாக 2 இலட்சம் கட்டி, தவணையைக் குறைக்காமல் தொடர்ந்தால், கடன் 30 மாதம் முன்னதாக முடியும். 2 இலட்சம் கட்டி ஏறக்குறைய 16 இலட்சத்து 60 ஆயிரம் ரூபாய்த் தவணைகளைத் தவிர்க்கின்றோம். அதே 2 இலட்சத்தைப் பதினெட்டாவது வருடத்தில் கட்டினால் பெரிய பலன் இருக்காது.

ஆனால் பணம் கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுங்கள். முற்கூட்டிக் கட்டுவதற்குக் கட்டணம் உண்டா என்பதைக் கடன் எடுக்கும் முன்னரே கேட்டு வையுங்கள். சீட்டுக் காசு விழுந்தாலும், வெளிநாட்டிலிருக்கும் பிள்ளை அனுப்பினாலும், கதவுக்குத் தேக்கும் தரைக்கு மாபிளும் போடுவதற்கு முன் ஒரு பங்கைக் கடனுக்குக் கொடுங்கள்.

கடனே எடுக்கக் கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. வாடகை வீட்டில் கொடுக்கும் காசும் திரும்பி வருவதில்லை. சொந்தக் கூரையின் நிம்மதிக்கு விலை மதிப்பதும் கடினம். ஆனால் அந்த நிம்மதியை எத்தனை இலட்சத்துக்கு வாங்குகின்றோம் என்பது தெரிந்திருக்க வேண்டும். சிறிய வீடாகக் கட்டி, காசு சேரச் சேர அறைகளைக் கூட்டுவது நமது மூத்தவர்களின் வழி. கணக்குப் போட்டுப் பார்த்தால் அது எவ்வளவு புத்திசாலித்தனம் என்பது விளங்குகின்றது.

இப்போது என் வகுப்பில் கூட்டு வட்டிப் பாடம் வரும்போது, என் சொந்தக் கடனின் அட்டவணையைத்தான் மாணவர்களுக்குக் கொடுக்கின்றேன். போன தவணை ஒரு மாணவி முழுவதும் கூட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டாள்: "சேர், இதைக் கையெழுத்து வைக்க முந்திப் பார்க்கலையா?"

பார்க்கவில்லை, மகள். நீங்கள் பாருங்கள்.