கடன்பட்ட கொடிகள் – 9: ஜப்தியான போர்க்கப்பல்

2012 அக்டோபர் 1. மேற்கு ஆப்பிரிக்காவில் கானா நாட்டின் தேமா துறைமுகத்துக்கு மூன்று பாய்மரங்கள் கொண்ட வெள்ளைக் கப்பல் ஒன்று வந்து சேர்ந்தது. அர்ஜென்டினா கடற்படையின் பயிற்சிக் கப்பலான ‘லிபர்தாத்’ அது. மாலுமிகள், பயிற்சி மாணவர்கள், அண்டை நாட்டு விருந்தினர்கள் என 300-க்கும் மேற்பட்டவர்கள் அதில் இருந்தார்கள். கானா அரசு முறைப்படி அனுமதித்த நல்லெண்ணப் பயணம்.

மறுநாளே கப்பல் ஜப்தி செய்யப்பட்டது. உத்தரவிட்டது அக்ரா உயர் நீதிமன்றம். வழக்குப் போட்டது எந்த எதிரி நாடும் அல்ல. கேமன் தீவுகளில் பதிவான என்.எம்.எல். கேப்பிடல் என்ற நிதி நிறுவனம். அப்போது நியூயார்க்கிலிருந்து பால் சிங்கர் நடத்திய எலியட் நிதியத்தின் துணை நிறுவனம் அது. அர்ஜென்டினா பாக்கி வைத்த கடன்பத்திரங்களுக்காகப் போர்க்கப்பலையே பிடித்து வைத்தது. விடுவிக்க வேண்டுமானால் 2 கோடி டாலர் பிணையாகக் கட்ட வேண்டும் என்றார்கள்.

கடன் விவகாரம் முற்றி, 1882-ல் எகிப்தில் பிரிட்டிஷ் படை இறங்கியதைச் சென்ற வாரம் பார்த்தோம். அன்று கடனுக்காகப் போர்க்கப்பல் வந்தது. 130 ஆண்டுகள் கழித்துக் கடனுக்காகப் போர்க்கப்பல் பிடிபட்டது. இடையில் என்ன நடந்தது?

திராகோவின் கடிதம்

1902 டிசம்பர். வாங்கிய கடனைத் திருப்பித் தரவில்லை என்று பிரிட்டன், ஜெர்மனி, இத்தாலி மூன்றும் வெனிசுவேலாவின் துறைமுகங்களை முற்றுகையிட்டன. புவர்ட்டோ கபேயோ கோட்டையின் மீது குண்டு பொழிந்தன. அப்போது அதை எதிர்த்துக் குரல் கொடுத்தவர் அர்ஜென்டினாவின் வெளியுறவு அமைச்சர் லூயிஸ் மரியா திராகோ.

டிசம்பர் 29 அன்று வாஷிங்டனில் இருந்த தன் தூதருக்கு அவர் கடிதம் எழுதினார். கடன் கொடுப்பவர் கடன் வாங்கும் நாட்டின் வரவு செலவை எடைபோட்டுத்தான் கொடுக்கிறார்; ஆபத்துக்கு ஏற்பத்தான் வட்டியையும் வைக்கிறார். அப்படியிருக்க, பணம் வரவில்லை என்பதற்காக ஒரு தேசத்தின் மீது படையெடுக்கவோ அதன் மண்ணைப் பிடிக்கவோ கூடாது. இதுதான் கடிதத்தின் சாரம்.

1907-ல் ஹேக் மாநாடு இந்தக் கருத்தை உடன்படிக்கையாக்கியது. அமெரிக்கப் பிரதிநிதி ஹொரேஸ் போர்ட்டர் அதில் ஒரு விலக்கைச் சேர்த்தார். கடன்பட்ட நாடு நடுவர் தீர்ப்புக்கு வர மறுத்தால், அல்லது தீர்ப்பை மதிக்காவிட்டால், தடை செல்லாது. அந்த ஓட்டை இருந்தபோதும், கடனுக்காகப் பீரங்கியைத் தூக்குவது தவறு என்று உலகம் எழுத்தில் ஒப்புக்கொண்டது. அதற்கு வழிகாட்டிய நாடு அர்ஜென்டினா.

பீரங்கி போய்ப் பத்திரம் வந்தது

பீரங்கி ஓய்ந்ததும் வசூல் ஓயவில்லை. 1976-ல் அமெரிக்கா ஒரு சட்டம் போட்டது. வெளிநாட்டு அரசுகள் வர்த்தகத்தில் இறங்கினால் அமெரிக்க நீதிமன்றத்தில் அவற்றின் மீது வழக்குப் போடலாம். கடன்பத்திரம் வெளியிடுவதும் வர்த்தகமே என்று 1992-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த வழக்கில் தோற்றதும் அர்ஜென்டினாதான்.

இருந்தும் 1990-களில் அந்த நாடு நியூயார்க் சட்டத்தின்கீழ் கடன்பத்திரங்களை வெளியிட்டுக்கொண்டே போனது. வழக்கு வந்தால் இறையாண்மைப் பாதுகாப்பைக் கோர மாட்டோம் என்று கையெழுத்தும் போட்டது. அப்படி எழுதித் தராவிட்டால் சந்தையில் பணம் புரளாது. புரண்டாலும் வட்டி எகிறும்.

2001 டிசம்பரில் எல்லாம் இடிந்து விழுந்தது. ஒரு பெசோ ஒரு டாலர் என்று பத்தாண்டுகள் கட்டிக்காத்த நாணயமுறை தாங்கவில்லை. மக்கள் வங்கியிலிருந்து வாரத்துக்கு 250 பெசோவுக்கு மேல் எடுக்க முடியாது என்று அரசு கட்டுப்பாடு விதித்தது. தெருக்கள் கொந்தளித்தன, உயிர்கள் பலியாயின. அதிபர் தெ லா ருவா ராஜினாமா செய்து ஹெலிகாப்டரில் மாளிகையை விட்டுப் போனார். 8,000 கோடி டாலருக்கும் மேற்பட்ட கடன்பத்திரங்களுக்குப் பணம் தர இயலாது என்று நாடு கைவிரித்தது.

2005-லும் 2010-லும் பேச்சு நடந்தது. பழைய பத்திரங்களைக் கொடுத்து, மிகக் குறைந்த மதிப்புள்ள புதியவற்றை வாங்கிக்கொள்ள 93 சதவீதப் பத்திரங்களை வைத்திருந்தவர்கள் சம்மதித்தார்கள். மிச்சமிருந்தவர்களில் என்.எம்.எல். முக்கியமானது. நொடித்த பத்திரங்களை அடிமாட்டு விலைக்கு வாங்கி, முழு மதிப்பையும் வட்டியோடு கோர்ட்டில் கேட்பது அதன் தொழில். ‘பிணந்தின்னிக் கழுகுகள்’ என்றார்கள் அர்ஜென்டினர்கள்.

கடலில் வெற்றி, கோர்ட்டில் தோல்வி

தேமாவில் சிக்கிய மாலுமிகளில் பெரும்பாலோர் விமானத்தில் ஊர் திரும்பினார்கள். நவம்பர் 7 அன்று துறைமுக அதிகாரிகள் கப்பலை வேறு இடத்துக்கு நகர்த்த வந்தபோது, எஞ்சியிருந்த மாலுமிகள் ஆயுதத்தைக் காட்டித் தடுத்தார்கள். அர்ஜென்டினா ஹாம்பர்க்கில் உள்ள சர்வதேசக் கடல் சட்டத் தீர்ப்பாயத்துக்குப் போனது. போர்க்கப்பல் ஒரு தேசத்தின் இறையாண்மையின் வடிவம், உடனே விடுங்கள் என்று டிசம்பர் 15 அன்று தீர்ப்பாயம் ஒருமனதாக உத்தரவிட்டது. 2013 ஜனவரி 9 அன்று மார் தெல் பிளாட்டாவில் கப்பலை வரவேற்க அதிபர் கிறிஸ்டினா பெர்னாண்டஸும் பெருங்கூட்டமும் காத்திருந்தார்கள். அதே மாதம் வெளிநாடு கிளம்பிய அதிபர், தன் அரசு விமானமும் ஜப்தியாகிவிடுமோ என்று வாடகை விமானத்தில்தான் போனார்.

ஆனால் பெரிய அடி நியூயார்க்கில் விழுந்தது. சம்மதித்த 93 சதவீதத்தினருக்கு வட்டி கொடுப்பதானால், சம்மதிக்காதவர்களுக்கு அதே வேளையில் முழுத் தொகையும் கொடுக்க வேண்டும் என்றார் நீதிபதி தாமஸ் கிரீசா. 2014 ஜூன் 16 அன்று அர்ஜென்டினாவின் மேல்முறையீட்டை ஏற்க அமெரிக்க உச்ச நீதிமன்றம் மறுத்தது. அர்ஜென்டினா வட்டிக்காக நியூயார்க் மெலன் வங்கியில் கட்டிய 53.9 கோடி டாலர் அங்கேயே முடங்கியது. கையில் பணம் இருந்தும், கொடுக்க மனம் இருந்தும், ஜூலை 30 அன்று ஒரு நாடு மறுபடி நொடித்ததாக அறிவிக்கப்பட்டது. அதைச் செய்தது, அந்த நாட்டு மக்கள் வாக்களிக்காத ஊரில் இருந்த ஒரு நீதிபதியின் உத்தரவு.

2016-ல் புதிய அதிபர் மௌரிசியோ மாக்ரி பணிந்தார். எலியட் உள்ளிட்ட நான்கு நிதியங்களுக்கு 465 கோடி டாலர் தர ஒப்புக்கொண்டார். அதற்குப் பணம்? புதிய கடன்பத்திரம்தான். இரண்டே ஆண்டில் அர்ஜென்டினா மறுபடி சர்வதேச நாணய நிதியத்தின் வாசலில் நின்றது.

மஞ்சள் கடுதாசிக்கு வழி

அர்ஜென்டின ஆட்சியாளர்கள் மீது குற்றம் இல்லை என்று சொல்ல வரவில்லை. வரவுக்கு மீறிக் கடன் வாங்கியதும், உரிமையை எழுதிக்கொடுத்ததும் அவர்கள்தான். ஆனால் ஒரு கம்பெனி நொடித்தால் திவால் சட்டம் இருக்கிறது. எல்லாக் கடன்காரர்களையும் ஒரே மேஜையில் உட்கார வைத்து, இருப்பதைப் பங்கிட்டு, மிச்சத்தைத் தள்ளுபடி செய்ய வழி இருக்கிறது. ஒரு தேசம் யாரிடம் மஞ்சள் கடுதாசி கொடுக்கும்?

2001 நவம்பரில் சர்வதேச நாணய நிதியத்தின் ஆன் குரூகர் அப்படி ஓர் ஏற்பாட்டை முன்வைத்தார். 2003-ல் அது கைவிடப்பட்டது. 2015 செப்டம்பரில் ஐ.நா. பொதுச்சபை, நாடுகளின் கடன் சீரமைப்புக்கு ஒன்பது கொள்கைகளை நிறைவேற்றியது. ஆதரவு 136, எதிர்ப்பு 6. அந்த ஆறில் அமெரிக்கா, பிரிட்டன், ஜெர்மனி, ஜப்பான் நான்கும் அடக்கம். கடன் கொடுக்கும் சந்தைகளும் வழக்கு நடக்கும் கோர்ட்டுகளும் இருக்கும் நாடுகளே எதிர்த்தால், ஐ.நா. தீர்மானம் காகிதத்தோடு நின்றுவிடுகிறது.

இதை எங்கோ நடக்கும் கதை என்று நாம் ஒதுக்க முடியாது. 2022 ஏப்ரலில் இலங்கை வெளிநாட்டுக் கடனைக் கட்டுவதை நிறுத்தியது. ஜூன் மாதமே ஹாமில்டன் ரிசர்வ் வங்கி நியூயார்க்கில் வழக்குப் போட்டது. 100 கோடி டாலர் மதிப்புள்ள ஒரு கடன்பத்திர வரிசையில் கால் பங்குக்கு மேல் அதன் கையில் இருந்தது. சீரமைப்பைத் தடுக்க அந்தக் கால் பங்கே போதும்.

கடனைத் திருப்பித் தருவது நியாயம். ஆனால் மருந்துக்கும் எரிபொருளுக்கும் மக்கள் வரிசையில் நிற்கும்போது யாருக்கு முதலில் பணம் என்பதை, அடிமாட்டு விலைக்குப் பத்திரம் வாங்கியவர் முடிவு செய்வது நியாயம் அல்ல. 1907-ல் ஹேக் மாநாடு பீரங்கிக்குப் போட்ட தடையைப் போல, பத்திரத்துக்கும் ஒரு வரம்பு போட்டே ஆக வேண்டும். நாடுகளுக்கான திவால் சட்டம் இந்த நூற்றாண்டு இன்னும் செய்து முடிக்காத கடமை.

(தொடரும்)