கொடி சொல்லும் கதை

தேசியக் கொடியில் பச்சைப் பட்டை முஸ்லிம்களையும் செம்மஞ்சள் பட்டை தமிழர்களையும் குறிக்கும் என்று எங்கள் பிள்ளைகள் மனப்பாடமாய் எழுதிப் புள்ளி பெறுகிறார்கள். அந்தப் பட்டைகள் வந்த கதையை அவர்களுக்கு யார் சொல்வது?

1948 பெப்ரவரி 4இல் ஏறிய சிங்கக் கொடியில் அவை இருக்கவில்லை. பின்னர் அமைக்கப்பட்ட குழுவின் விதப்புரைப்படி 1951இலேயே சேர்ந்தன. குழு உறுப்பினரான செனட்டர் எஸ். நடேசன் அதற்கும் உடன்படவில்லை. தமது மறுப்பைத் தனியே பதிந்தார். மூலைகளில் இன்றுள்ள அரசிலைகள் 1972இல் வந்தவை.

இருபத்துநான்கு ஆண்டுகளில் மூன்று கோலங்கள்! நிறங்களோடு இந்த வாதத்தையும் கற்பிக்கவேண்டும் என்பேன். "இப்பட்டைகள் சிங்கத்தின் கட்டத்துக்கு வெளியே நிற்பதேன்?" என்று ஒரு பிள்ளை கேட்கட்டும். வரலாற்றுப் பாடம் அங்கேதான் தொடங்கும்.